இரவலா, ஜாமீனா?
பிள்ளைகளின் வீடியோ கேம் கணக்குகளைக் குறித்துப் பெற்றோர் அறியவேண்டியவை



இரவல் கொடுத்து வாங்குவது நம்முடைய ஜனங்களுக்குப் புதிய காரியமல்ல. ஊரை விட்டு இரண்டாயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் தில்லிக்கு வந்து குடியேறிய தமிழ்க் குடும்பங்கள் முதல் சில வருஷங்கள் நிலைத்து நின்றதே இரவலால்தான். முதல் குளிர்காலத்துக்குக் கம்பளி ஒரு வீட்டிலிருந்து வரும்; விருந்தாளி வந்தால் இட்லிப் பானை இன்னொரு வீட்டிலிருந்து வரும். ஊரிலிருந்து வந்த வாரப் பத்திரிகை ஒன்று ஐந்து வீடுகளைச் சுற்றி, அட்டை கிழிந்து, கடைசியில் உரியவர் வீட்டுக்கே வந்து சேரும். கொடுத்தவரிடம் அது திரும்பி வரும்வரை இராது; வாங்கியவரிடம் திருப்பித் தரும்வரை இருக்கும். இதில் விளங்காதது ஒன்றுமில்லை.

ஆனால் இன்று நம்முடைய பிள்ளைகள் ஒருவருக்கொருவர் இரவல் கொடுக்கும் ஒரு பொருளைக் கையில் பிடிக்க முடியாது. அதைக் கொடுத்த பிறகும் கொடுத்தவனிடம் அது இருக்கிறது. வாங்கியவனோ கொடுத்தவனுடைய பெயரைச் சொல்லித்தான் அதைத் திறக்கிறான். இணையத்தின் வழியாக வாங்கப்படும் வீடியோ கேம்களையே சொல்லுகிறேன்.

சில மாதங்களுக்கு முன் வாலிபர் கூட்டம் முடிந்தபின் ஒரு தாயார் என்னிடம் வந்தார். "பாஸ்டர், ஐயாயிரம் ரூபாய் கேமை ஃப்ரெண்டுக்குக் கொடுத்துட்டேன்னு பையன் சொல்றான். ஆனா ராத்திரி அவனே அதை விளையாடிட்டு இருக்கான். கொடுத்தானா, கொடுக்கலையா?" என்று கேட்டார். பக்கத்தில் நின்ற தகப்பனாருக்கு வேறு கேள்வி: "இது களவுல சேருமா, சேராதா?" நல்ல கேள்விகள். "கேமே வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்" என்று ஒரே வரியில் பதில் சொல்லி அனுப்பிவிடுவது எளிது. ஆனால் பெட்டி வீட்டுக்குள் வந்துவிட்டது. பிள்ளை பள்ளிக்கூடத்தில் பத்துப் பேரோடு பழகுகிறான். அவன் எதைக் கொடுக்கிறான் என்பதை நாம் அறிந்துகொள்வது நல்லது.

பாலிகா பஜார் நாட்கள்

கன்னாட் பிளேஸில் பூமிக்கு அடியில் இருக்கும் பாலிகா பஜாருக்குப் போகாத தில்லித் தமிழர் குறைவு. இரண்டாயிரமாம் ஆண்டை அடுத்த வருஷங்களில் அதன் குறுகிய கடைகளில் வீடியோ கேம் டிஸ்க்குகள் அடுக்கடுக்காகத் தொங்கும். அவற்றில் பெரும்பாலானவை நகல்கள். பிளேஸ்டேஷன் 2 பெட்டியைத் திறந்து உள்ளே ஒரு சிறிய 'சிப்' வைத்துத் தருவார்கள். அதன்பின் எந்த நகல் டிஸ்க்கும் ஓடும். கேட்பவர் இல்லை, தடுப்பவரும் இல்லை. அமெரிக்க வர்த்தகப் பிரதிநிதி அலுவலகம் உலகெங்கும் போலிச் சரக்கு விற்கும் சந்தைகளைப் பட்டியலிட்டு ஆண்டுதோறும் ஓர் அறிக்கை வெளியிடுகிறது. அதன் 2021-ஆம் ஆண்டுப் பட்டியலிலும் பாலிகா பஜாரும் தில்லி டாங்க் ரோடும் இடம்பெற்றிருந்தன. நம் ஊருக்குக் கிடைத்த அந்தப் புகழைக் குறித்துப் பெருமைப்பட ஒன்றுமில்லை.

நகல் டிஸ்க் வாங்குவது தவறு என்பதில் சந்தேகமில்லை. அசல் டிஸ்க்கோ உடைமையாக இருந்தது. வாங்கியவன் அதை விற்கலாம், தம்பிக்குக் கொடுக்கலாம், பக்கத்து வீட்டுப் பிள்ளைக்கு ஒரு வாரம் இரவல் தரலாம். யாருடைய அனுமதியும் தேவையில்லை. ஒரு டிஸ்க் ஒரு பெட்டியில்தான் ஓடும் என்பதால் இரவலில் வஞ்சனைக்கும் இடமில்லை.

இணையத்தில் வாங்கும் கேமில் இந்த நிலை மாறிவிட்டது. பணம் கட்டியவுடன் கேம் பெட்டிக்குள் இறங்குகிறது. ஆனால் நாம் வாங்கியது கேமை அல்ல. அதை விளையாடும் அனுமதியை. அந்த அனுமதி நம் பெயரில் உள்ள கணக்கோடு கட்டப்பட்டிருக்கிறது. நீண்ட ஒப்பந்தத்தின் கீழே 'சம்மதம்' என்ற பொத்தானை அழுத்தும்போது இதற்குத்தான் நாம் கையொப்பமிடுகிறோம். கலிபோர்னியா மாநிலம் 2024 செப்டம்பரில் ஒரு சட்டம் இயற்றி, 2025 ஜனவரி 1 முதல் நடைமுறைக்குக் கொண்டுவந்தது. இப்படிப்பட்ட அனுமதியை விற்கிறவர்கள் 'வாங்குங்கள்' என்று மட்டும் எழுதிவிட்டு நழுவக்கூடாது. வாங்குவோர் பெறுவது உரிமம் மாத்திரமே என்பதைத் தெளிவாகச் சொல்லவேண்டும் என்பது அதன் சாரம். சட்டம் போட்டுச் சொல்லவேண்டிய அளவுக்கு இது ஜனங்களுக்கு விளங்காமல் இருந்தது.

இரவல் உரிமைக்காக எழுந்த கூக்குரல்

இந்த மாற்றம் எதிர்ப்பின்றி நடந்துவிடவில்லை. 2013-ஆம் ஆண்டு மே மாதத்தில் மைக்ரோசாஃப்ட் நிறுவனம் 'எக்ஸ்பாக்ஸ் ஒன்' என்னும் புதிய பெட்டியை அறிவித்தது. அதன் விதிகள் அடுத்த மாதத் தொடக்கத்தில் தெளிவாக வெளிவந்தபோது விளையாடுவோர் திகைத்துப்போனார்கள். கடையில் டிஸ்க் வாங்கினாலும் அது நம் கணக்கோடு கட்டப்படும். பெட்டி இருபத்து நான்கு மணி நேரத்துக்கு ஒருமுறை இணையத்தோடு தொடர்புகொள்ளவேண்டும். இல்லையென்றால் விளையாட முடியாது. ஒரு கேமை நண்பனுக்குக் கொடுக்கலாம், ஆனால் ஒரேயொரு முறைதான். அந்த நண்பனும் குறைந்தது முப்பது நாட்களாக நம் நண்பர் பட்டியலில் இருந்திருக்கவேண்டும். பக்கத்து வீட்டுக்குக் கொடுக்கும் ஒரு பொருளுக்கு, 'இவனை எத்தனை நாளாகத் தெரியும்?' என்று உற்பத்தியாளர் கேட்பதை எண்ணிப் பாருங்கள்.

அதே ஜூன் மாதத்தில் லாஸ் ஏஞ்சல்ஸில் நடந்த கண்காட்சியில், தங்கள் பிளேஸ்டேஷன் 4 டிஸ்க்குகளுக்கு இத்தகைய கட்டுப்பாடு இல்லை என்று சோனி நிறுவனம் அறிவித்தது. அரங்கமே எழுந்து ஆரவாரித்தது. அதோடு சோனி ஒரு சிறிய படமும் வெளியிட்டது. அரை நிமிடம்கூட ஓடாது. 'கேமை நண்பனோடு பகிர்ந்துகொள்வது எப்படி' என்று போதிக்கும் பாவனையில், சோனியின் அதிகாரிகள் இருவர் நிற்கிறார்கள். ஒருவர் டிஸ்க் பெட்டியை மற்றவர் கையில் கொடுக்கிறார். அவர் நன்றி சொல்லி வாங்கிக்கொள்கிறார். படம் முடிந்தது. பெரிய விளம்பரங்கள் சாதிக்காததை அது சாதித்தது.

2013 ஜூன் 19 அன்று மைக்ரோசாஃப்ட் தன் விதிகளைத் திரும்பப் பெற்றது. டிஸ்க்கை விற்கலாம், கொடுக்கலாம், இணையம் இல்லாமலும் விளையாடலாம் என்று அறிவித்தது. ஜனங்களின் கூக்குரல் ஒரு பெரிய நிறுவனத்தைச் சில நாட்களில் பணிய வைத்தது.

ஆனால் இதில் பலர் கவனிக்காத ஒரு பகுதி உண்டு. திரும்பப் பெறப்பட்ட திட்டத்தில் ஒரு நன்மையும் இருந்தது: ஒருவர் வாங்கும் கேம்களைக் குடும்பத்தார் பத்துப் பேர்வரை, எந்த ஊரில் இருந்தாலும், தங்கள் பெட்டியில் எடுத்து விளையாடலாம் என்று அறிவித்திருந்தார்கள். கட்டுப்பாடு நீங்கியபோது அந்த வசதியும் நீங்கிற்று. அண்ணன் தில்லியிலும், தம்பி திருநெல்வேலியிலும், அக்காள் குடும்பம் ஷார்ஜாவிலுமாக இருக்கும் நம்மைப் போன்ற வீடுகளுக்கு அது பொருத்தமான ஏற்பாடாக இருந்திருக்கும். டிஸ்க்கின் சுதந்தரத்தைக் காத்தோம். ஆனால் பின்வந்த வருஷங்களில் டிஸ்க் வாங்குவோரே குறைந்து, இணையக் கேம்களுக்குத் தாவினார்கள். போராடிக் காத்ததை நாமே கைவிட்டது போலாயிற்று.

எந்தப் பெட்டியில் எந்த விதி

இப்போதைய ஏற்பாடுகளைப் பெற்றோர் ஓரளவாவது தெரிந்துகொள்ளவேண்டும். பிள்ளைகள் நமக்கு விளக்கும்போது தங்களுக்கு வசதியான பாதியைத்தான் விளக்குவார்கள்!

பிளேஸ்டேஷன் 5-இல் ஒரு கணக்குக்கு ஒரு பெட்டியை வீட்டுப் பெட்டியாகக் குறிக்கலாம். அந்தப் பெட்டியில் கணக்குக்கு உரியவர் வாங்கிய கேம்களை, அதே பெட்டியில் தங்கள் சொந்தக் கணக்கை வைத்திருக்கும் மற்றவர்களும் விளையாடலாம். அண்ணன் வாங்கினதைத் தங்கை தன் பெயரிலேயே விளையாடுவாள். அண்ணனுடைய கடவுச்சொல் அவளுக்குத் தேவையில்லை. உரியவரோ இன்னொரு பெட்டியிலும் தன் கணக்கைத் திறந்து, இணையத் தொடர்போடு விளையாடலாம். எக்ஸ்பாக்ஸிலும் ஏறக்குறைய இதே முறைதான். அங்கே வீட்டுப் பெட்டியை மாற்றுவது ஆண்டுக்கு ஐந்து முறைதான் கூடும்.

இந்த ஏற்பாட்டில்தான் அந்தத் தாயாரின் கேள்விக்கு விடை இருக்கிறது. பையன் நண்பனுடைய பெட்டியைத் தன் வீட்டுப் பெட்டியாகக் குறித்துவிட்டான். நண்பன் அங்கே விளையாடுகிறான். இவன் இங்கே தன் பெட்டியில் விளையாடுகிறான். ஒரு விலை, இரண்டு வீடு. இரண்டு பெட்டிகளுக்கு இருக்கிற இந்த வழி வீட்டுக்குள்ளே பயன்பட வேண்டியது. பிள்ளைகள் அதைத் தெருவைத் தாண்டி நீட்டிவிட்டார்கள்.

நிண்டெண்டோ நிறுவனம் 2025-இல் கொண்டுவந்த முறை எனக்குப் பிடித்திருக்கிறது. கையில் பிடிக்க முடியாத கேமையும் ஒரு சீட்டைப் போல அவர்கள் நடத்துகிறார்கள். எட்டுப் பேர்வரை உள்ள குடும்பக் குழுவில் ஒருவர் மற்றவருக்கு ஒரு கேமை இரண்டு வாரத்துக்கு இரவல் கொடுக்கலாம். அந்த நாட்களில் கொடுத்தவரால் அதை விளையாட முடியாது. இரண்டு வாரம் முடிந்ததும் அது தானாகவே உரியவரிடம் திரும்பிவிடும். நம்முடைய இட்லிப் பானையின் நியாயமே இது. பானையைத் திருப்பிக் கேட்கும் சங்கடம் ஒன்றுதான் குறைவு.

கம்ப்யூட்டரில் விளையாடுவோருக்கு ஸ்டீம் என்னும் கடை உண்டு. அது 2024 செப்டம்பரில் குடும்பத் திட்டத்தை அனைவருக்கும் திறந்தது. ஆறு பேர்வரை ஒரே வீட்டார் சேரலாம். ஒருவர் ஒரு கேமை விளையாடும்போது இன்னொருவர் மற்றொரு கேமை விளையாடலாம். அதில் கவனிக்கவேண்டிய விதிகள் இரண்டு. வயதுவந்த ஒருவர் அந்தக் குழுவை விட்டு விலகினால் வேறொரு குழுவில் சேர ஓராண்டு காத்திருக்கவேண்டும். மேலும், இரவல் வாங்கியவர் ஒரு கேமில் மோசடி செய்து பிடிபட்டால், அந்தக் கேமுக்கு உரியவருக்கும் தடை வரும்.

இந்த இரண்டாவது விதியைச் சற்று நின்று யோசிக்கும்படி வேண்டுகிறேன்.

ஜாமீன் கையெழுத்து

நம்மில் அநேகர் சீட்டு பிடித்தவர்கள். சீட்டு எடுத்தவருக்காக ஜாமீன் கையெழுத்துப் போட்டு வருந்தியவர்களும் உண்டு. இட்லிப் பானையை இரவல் கொடுத்தால், போனால் பானைதான் போகும். ஜாமீன் நின்றாலோ போகிறது என்னவென்று முன்கூட்டித் தெரியாது. மற்றவன் செய்ததற்கு நம் பெயர் பதில் சொல்லவேண்டும். அந்நியனுக்காகப் பிணைப்படுகிறவனைக் குறித்து நீதிமொழிகள் ஒன்றுக்கு மேற்பட்ட இடங்களில் எச்சரிப்பது இதனால்தான்.

கடவுச்சொல்லைக் கொடுக்கும் பிள்ளை கேமை இரவல் கொடுப்பதாக நினைக்கிறான். உண்மையில் அவன் நண்பனுக்கு ஜாமீன் நிற்கிறான். அந்தக் கணக்கில் தகப்பனாருடைய கார்டு இணைக்கப்பட்டிருக்கலாம். அந்தப் பெயரில் நண்பன் யாரையாவது தகாத வார்த்தை பேசினால் தண்டனை நம் பிள்ளையின் கணக்குக்கே வரும். பணம் கட்டிவிட்டுப் பின்பு வங்கி மூலமாக அதைத் திரும்பப் பெற்றால் கணக்கே முடக்கப்படலாம். அப்போது அதில் வாங்கிய அத்தனை கேம்களும் சேர்ந்து போகும். நட்பு முறிந்தால் நண்பனுடைய பெட்டியிலிருந்து நம் கணக்கை நீக்குவதும் நினைத்தபோதெல்லாம் நடவாது. பிளேஸ்டேஷனில் எல்லாப் பெட்டிகளையும் தொலைவிலிருந்து ஒருசேர நீக்கும் வசதியை ஆறு மாதத்துக்கு ஒருமுறைதான் பயன்படுத்தலாம்.

2011 ஏப்ரலில் சோனியின் பிளேஸ்டேஷன் வலைப்பின்னலுக்குள் கள்ளர் புகுந்தபோது ஏறக்குறைய ஏழு கோடியே எழுபது லட்சம் கணக்குகளின் விவரங்கள் ஆபத்துக்குள்ளாயின. சேவை மூன்று வாரத்துக்கு மேல் நின்றுபோயிற்று. அத்தனை காவல் உள்ள இடத்திலேயே அப்படியென்றால், பத்தாம் வகுப்புப் பையனின் வாட்ஸ்அப் செய்தியில் அனுப்பப்பட்ட கடவுச்சொல் எத்தனை பேர் கைக்குப் போகும்? அதே சொல்லைத்தான் அவன் மின்னஞ்சலுக்கும் வைத்திருப்பான்.

'களவா' என்று கேட்ட தகப்பனாருக்கு நான் சொன்னதை இங்கும் சொல்லுகிறேன். உடன்பிறந்தவர்கள் ஒரே வீட்டில் ஒரு பெட்டியில் விளையாடுவது களவல்ல. விற்கிறவரே திறந்து வைத்த வாசல் அது. சிநேகிதனுக்குக் கொடுத்த பிள்ளையையும் கள்ளன் என்று நான் அழைக்கமாட்டேன். அவனுடைய மனம் தாராளமானது, அந்தத் தாராளத்தை நாம்தான் அவனுக்குக் கற்றுக்கொடுத்தோம். ஆனாலும் ஒப்பந்தத்தில் சம்மதித்ததை அவன் மீறியிருக்கிறான் என்பதையும், நண்பன் ஒரு காசும் கொடாமல் புதிய கேமைப் பெற்றான் என்பதையும் மறைக்கமுடியாது. வீட்டுக்கு வரச்சொல்லி இருவரும் ஒரே சோபாவில் உட்கார்ந்து விளையாடட்டும். அதற்கு எந்த விதியும் குறுக்கே நிற்காது. தில்லியின் சிறிய வீடுகளில் அதற்கு இடம் இருக்கிறதா என்று கேட்பீர்கள். அது வேறு பிரச்சினை.

இதிலிருந்து முற்றிலும் வேறானது இப்போது இன்ஸ்டாகிராமிலும் டெலிகிராமிலும் நடக்கும் வியாபாரம். ஒருவன் ஒரு கணக்கில் கேமை வாங்கி, அந்தக் கணக்கை இரண்டாகப் பிரித்து விற்கிறான். வீட்டுப் பெட்டி உரிமையை ஒருவருக்கு 'பிரைமரி' என்று ஒரு விலைக்கும், கணக்கைத் திறந்து விளையாடும் வழியை இன்னொருவருக்கு 'செகண்டரி' என்று குறைந்த விலைக்கும் கொடுக்கிறான். பிளேஸ்டேஷன் 5-இன் பெரிய கேம்கள் பல 4,999 ரூபாய் விலையில் வந்திருப்பதால், பாதி விலை என்றதும் பிள்ளைகள் மயங்குகிறார்கள். அந்தக் கணக்கு விற்றவனுடைய மின்னஞ்சலில் இருக்கிறது. நாளைக்கு அவன் கடவுச்சொல்லை மாற்றி மூன்றாவது ஆளுக்கு விற்கலாம். வாங்கியவர் யாரிடம் முறையிடுவார்? விதியை மீறி வாங்கியதை நிறுவனத்திடம் சொல்ல முடியாது. பாலிகா பஜாரின் நகல் டிஸ்க் வேறு வேஷத்தில் வந்திருக்கிறது என்பதே என் எண்ணம். நகல் டிஸ்க்காவது கையில் இருந்தது.

இப்படிப்பட்டவர்களிடம் பணத்தை இழந்தவர்கள் தாமதியாமல் 1930 என்ற தேசிய சைபர் குற்ற உதவி எண்ணை அழைக்கவேண்டும். வெட்கப்பட்டு மறைக்கிற பிள்ளைக்கு முதலில் அடி விழாது என்ற நிச்சயம் வேண்டும்; இல்லையென்றால் அவன் சொல்லமாட்டான், நேரமும் கடந்துபோகும்.

வெளிநாட்டு மாமாவின் பரிசு

நம் குடும்பங்களில் அடிக்கடி நடப்பது இது. துபாயிலோ அமெரிக்காவிலோ இருக்கும் மாமா பிறந்தநாளுக்கு ஒரு பரிசுக் கார்டின் எண்ணை அனுப்புகிறார். பிள்ளை ஆவலோடு எண்ணைத் தட்டுகிறான், பெட்டி ஏற்றுக்கொள்ளவில்லை. மாமா ஏமாற்றப்பட்டதாக நினைக்கிறார், பிள்ளை மாமாவைச் சந்தேகிக்கிறான். வீட்டில் தேவையற்ற மனஸ்தாபம். காரணம் எளியது. ஒவ்வொரு கணக்கும் ஒரு தேசத்துக்கு உரியது. இந்தியக் கணக்குக்கு இந்திய ரூபாய்க் கார்டு வேண்டும்; அமெரிக்க டாலர் கார்டு அமெரிக்கக் கணக்குக்கே செல்லும். பிளேஸ்டேஷன் கணக்கின் தேசத்தை ஒருமுறை குறித்தபின் மாற்றவும் இயலாது. ஆகவே மாமா அனுப்பவேண்டியது இந்தியாவுக்குரிய கார்டு. அல்லது ரூபாயாகவே வீட்டுக்கு அனுப்பிவிடலாம்.

ஒரு குறிப்பிட்ட கேமையே பரிசாகக் கொடுக்கும் வழி எக்ஸ்பாக்ஸில் 2017 முதல் உண்டு. கடையில் 'பரிசாக வாங்கு' என்று தெரிந்துகொண்டால் பெறுபவருடைய மின்னஞ்சலுக்கு ஓர் எண் போகும். அதுவும் வாங்கிய தேசத்துக்குள்ளேதான் செல்லும். பிளேஸ்டேஷனில் பரிசு என்றால் பெரும்பாலும் பணமதிப்புள்ள கார்டுதான். ஸ்டீமில் நண்பர் பட்டியலில் உள்ளவருக்குக் கேமை நேரடியாக அனுப்பலாம். ஆனால் இரண்டு தேசங்களின் விலைக்கிடையே வித்தியாசம் அதிகமாக இருந்தால் அது தடுத்துவிடும்.

இந்தத் தடைகள் ஏன்? ஒரே கேம் ஒரு தேசத்தில் மலிவாகவும் இன்னொன்றில் விலையேறியும் விற்கப்படுகிறது. மலிவான தேசத்தில் வாங்கி மற்ற தேசத்தில் கொடுத்துவிட்டால் அந்த விலைமுறை குலையும். துருக்கி, அர்ஜென்டினா தேசங்களில் நாணய மதிப்பு விழுந்தபோது, பிற தேசத்தார் அங்கே பொய்யாகக் கணக்குத் தொடங்கி மலிவாக வாங்கினார்கள். 2023 நவம்பரில் ஸ்டீம் அந்த இரண்டு தேசங்களின் விலையையும் டாலருக்கு மாற்றியது. நாணயம் விழுந்தபடியால் ஸ்டீம் சொன்ன காரணம் விலை நிர்ணயிக்க முடியாமை. எப்படியிருந்தாலும் விலையேற்றத்தைச் சுமந்தது அந்த ஊர்ப் பிள்ளைகள். பொய்யான முகவரி யாருக்கும் தீங்கு செய்யாது என்று நம் வாலிபர்கள் சொல்லும்போது எனக்கு அந்தப் பிள்ளைகளின் ஞாபகம் வருகிறது.

பிள்ளைக்குச் சொந்தக் கணக்கு

தகப்பனாருடைய கணக்கிலேயே பிள்ளையை விளையாடவிடுவது நம் வீடுகளில் வழக்கமாகிவிட்டது. அதை மாற்றுங்கள். பெற்றோர் தங்கள் பெயரில் ஒரு கணக்குத் தொடங்கி, அதன் கீழே ஒவ்வொரு பிள்ளைக்கும் வயதைச் சரியாகக் குறிப்பிட்டுத் தனிக் கணக்கு ஏற்படுத்தலாம். பிளேஸ்டேஷனில் பெற்றோரைத் தவிர ஆறு பேரை இப்படிச் சேர்க்கலாம். பிள்ளை மாதத்துக்கு எவ்வளவு செலவழிக்கலாம், நாளுக்கு எவ்வளவு நேரம் விளையாடலாம், யாரோடு பேசலாம் என்பதை அங்கே நாம் தீர்மானிக்கலாம். கேம்களைப் பெற்றோர் கணக்கில் வாங்கி வீட்டுப் பெட்டியில் வைத்தால் எல்லாப் பிள்ளைகளும் தங்கள் பெயரில் விளையாடுவார்கள். யாருக்கும் யாருடைய கடவுச்சொல்லும் தேவைப்படாது. கணக்கைத் திறக்கும்போது கைப்பேசிக்கு ஓர் எண் வரும்படியான இரண்டடுக்குக் காவலையும் வைத்துவிடுங்கள். பிள்ளை கடவுச்சொல்லை வெளியே கொடுத்தாலும், அந்த எண் நம் கைப்பேசிக்கு வரும்போது நமக்குத் தெரிந்துவிடும்.

சுதந்தரமாக விட்டுச்செல்ல முடியுமா?

வாலிபன் ஒருவன் என்னிடம் நகைத்துக்கொண்டே கேட்டான்: "என் கணக்கில் நூறு கேம் இருக்கிறது ஐயா, நாளைக்கு என் பிள்ளைக்கு விட்டுப்போகலாமா?" நகைப்புக்குரிய கேள்வியல்ல. 2024 மே மாதத்தில் ஸ்டீமின் உதவிப் பிரிவு ஒருவருக்குக் கொடுத்த பதிலில், கணக்கை உயில் மூலமாக வேறொருவருக்கு மாற்றமுடியாது என்று தெரிவித்தது உலகெங்கும் செய்தியாயிற்று. உயிரோடிருக்கும்போதேகூட அனுமதி முடிந்துபோகலாம். யூபிசாஃப்ட் நிறுவனத்தின் 'தி க்ரூ' என்ற கார்ப் பந்தய விளையாட்டின் சேவை 2024 மார்ச் 31 அன்று நிறுத்தப்பட்டது. காசு கொடுத்து வாங்கியவர்களும் அதன்பின் அதை விளையாட முடியவில்லை. அதிலிருந்து ஐரோப்பாவில் ஓர் இயக்கம் எழும்பி, 2025 ஜூலையில் பத்து லட்சம் கையொப்பங்களைத் தாண்டிற்று. 2013-இன் கூக்குரல் இன்னும் அடங்கவில்லை.

புதிதாகப் பெட்டி வாங்கப் போகிறவர்கள் கடையில் முதலில் கேட்கவேண்டியது, டிஸ்க் போடும் இடம் உண்டா என்பதே. டிஸ்க் இல்லாத பெட்டி சில ஆயிரம் ரூபாய் குறைவாக இருக்கும். ஆனால் பழைய டிஸ்க் வாங்கவோ, முடித்ததை விற்கவோ, இரவல் கொடுக்கவோ அதில் வழியில்லை. மூன்று கேம் வாங்குவதற்குள் அந்த மிச்சம் கரைந்துவிடலாம். சில கேம் பெட்டிகளுக்குள் டிஸ்க்குக்குப் பதிலாக ஒரு தாளும் அதில் ஓர் எண்ணும் மாத்திரம் இருக்கும். அந்த எண்ணை ஒருமுறை தட்டியபின் அது வெறும் தாள். மேலட்டையை வாசித்து வாங்குங்கள். பாலிகா பஜாரில் அசல் டிஸ்க்குகளை எடுத்துக்கொண்டு வேறு அசல் டிஸ்க் கொடுக்கும் கடைகள் இருக்கின்றன. முதல் விலையைக் கேட்டு மலைக்காமல் பேரம் பேசத் தெரிந்த ஒருவரை உடன் அழைத்துச் செல்லுங்கள். ஹிந்தி தெரிந்தவராக இருந்தால் இன்னும் நல்லது.